வழுதாவூர் சாலையும் ஆற்காட்டுத் தர்பாரும்



நம் மேட்டுப்பாளையத்தைத் தொட்டுக்கொண்டு வடமேற்கே செல்லும் வழுதாவூர் சாலையில் இன்று சரக்கு லாரிகளும், தொழிற்பேட்டைக்கு வேலைக்குச் செல்வோரின் வாகனங்களும் ஓய்வின்றி ஓடிக்கொண்டிருக்கின்றன. முகவரியில் நாள்தோறும் இச்சாலையின் பெயரை எழுதும் நம்மில் பலர், 1750ஆம் ஆண்டில் (ஹிஜ்ரி 1163) ஹைதராபாத் நிஜாம் நாஸிர் ஜங் தம் முழுப் படையுடன் வழுதாவூரில் பாசறை அமைத்துத் தங்கியிருந்தார் என்பதை அறிந்திருக்க மாட்டார்கள். அவருக்கு எதிரே வில்லியனூர்ப் பக்கம் பிரெஞ்சுப் படையும், சந்தா சாஹிபின் படையும் நின்றன. இவ்விரு பாசறைகளுக்கும் நடுவில் வாழ்ந்த குடியானவர்களின் கதியை எந்த வரலாற்றாசிரியரும் விரிவாக எழுதவில்லை. நாஸிர் ஜங்கின் படையில் 3 லட்சம் வீரர்களும், 800 பீரங்கிகளும், 1,300 யானைகளும் இருந்ததாக ஆங்கிலேய வரலாற்றாசிரியர் ராபர்ட் ஓர்ம் எழுதுகிறார். இதில் மிகை இருக்கலாம். பாதியை நம்பினாலும், அத்தனை யானைகளுக்கும் குதிரைகளுக்கும் தீனி எங்கிருந்து வந்திருக்கும் என்பதை இப்பகுதி வயல்களை அறிந்தவர்கள் ஊகித்துக்கொள்ளலாம்.

இக்கட்டுரையில் போர்களின் கணக்கை நாம் எடுத்துரைக்கப் போவதில்லை. அது 'கர்நாடகப் போர்கள்' என்னும் தலைப்பில் பிள்ளைகளின் பாடநூலிலேயே உள்ளது. அப்போர்களுக்குப் பின்னால் இருந்த அரசவைகளைப் பற்றியே பேச விரும்புகிறோம். அங்கே எவ்வாறு ஸலாம் சொன்னார்கள், எவ்வாறு பரிசளித்தார்கள், எவ்வாறு சத்தியம் செய்தார்கள், அந்தச் சத்தியங்கள் என்னவாயின என்பதே நமது பேச்சு. பிரெஞ்சுக்காரரும் ஆங்கிலேயரும் பீரங்கியால் மட்டுமே ஆற்காட்டை வென்றார்கள் என்று நாம் எண்ணிக்கொண்டிருக்கிறோம். பீரங்கி வருவதற்கு முன்பே அந்தத் தர்பாரில் ஒருவர் சொல்லை மற்றவர் நம்ப முடியாத நிலை வந்துவிட்டது.

இக்காலத்தை அறிய நமக்கு முக்கியமாக மூன்று சான்றுகள் உள்ளன. துய்ப்ளேயின் துபாஷியாக இருந்த ஆனந்தரங்கப் பிள்ளை 1736 முதல் 1761இல் மரணிக்கும் வரை தமிழில் எழுதிய நாட்குறிப்பு ஒன்று. ஓர்ம் எழுதிய நூல் இரண்டாவது. நவாப் முஹம்மத் அலி வாலாஜாவின் அரசவையில் புர்ஹான் இப்னு ஹஸன் பாரசீகத்தில் எழுதிய 'துஸுக்கே வாலாஜாஹி' மூன்றாவது. மூவருக்கும் தத்தம் எஜமானர் மீது சாய்வு உண்டு. புர்ஹானின் நூலில் வாலாஜா குடும்பத்தார் செய்த குற்றத்தைத் தேடினால் கிடைக்காது. பிள்ளையோ தம் போட்டியாளர்களைப் பற்றி எழுதும்போது மையோடு கசப்பையும் சேர்த்தே தொட்டு எழுதுகிறார். ஆயினும் தர்பாரில் யார் எங்கே உட்கார்ந்தார், எத்தனை குண்டு போட்டார்கள், யாருக்கு முதலில் வெற்றிலை பாக்கு கொடுத்தார்கள் என்பவற்றில் அவருக்கு நிகரான சாட்சி இல்லை.

அங்கியும் பட்டமும்

அந்நாளைய அரசவையில் வாய்ச்சொல்லைவிடச் சடங்கே அதிகம் பேசியது. மேலதிகாரியைக் காணச் செல்பவர் 'நஜ்ர்' எனப்படும் காணிக்கைப் பொன்னைக் கைக்குட்டையில் ஏந்தி நீட்ட வேண்டும். அதை அவர் எடுத்துக்கொண்டால் ஏற்பு. தொட்டுவிட்டுத் திருப்பிக் கொடுத்தால் அதுவும் ஒரு தயவு. கண்டும் காணாதது போல் இருந்துவிட்டால், வந்தவர் அன்றிரவே தம் குதிரைகளைத் தயாராக வைத்துக்கொள்வது நல்லது. நஜ்ருக்குப் பதிலாக மேலிருந்து வருவது 'கில்அத்' என்னும் கௌரவ அங்கி. இதையே பிள்ளையின் காலத்துத் தமிழில் சிரோப்பா என்றனர். தலைப்பாகை முதல் இடைக்கச்சை வரை அதில் அடங்கும். பெறுபவரின் தகுதிக்கேற்ப உடைகளின் எண்ணிக்கை கூடும், குறையும். விடைபெறும்போது வெற்றிலை பாக்கும் பன்னீரும் அத்தரும் வழங்குவார்கள். ஒருவருடைய வரவுக்கு 21 குண்டு போட வேண்டுமா, அதற்குக் குறைவாகப் போட வேண்டுமா என்பதில் கோட்டைகள் பெரும் கவனம் செலுத்தின.

கில்அத் என்ற சொல்லைச் சற்று நின்று பார்ப்போம். 'கலஅ' என்னும் அரபி மூலத்திற்குக் 'களைந்தான்' என்பது பொருள். ஆட்சியாளர் தம் உடம்பிலிருந்து களைந்து பிறருக்கு அணிவித்த ஆடையே ஆதியில் கில்அத். கவிஞர் கஅப் இப்னு ஸுஹைர் (ரலி) அவர்களுக்கு நபிகள் நாயகம் (ஸல்) அவர்கள் தமது போர்வையை அளித்த நிகழ்ச்சியை நம்மில் அறியாதவர் இல்லை. அதே மூலத்திலிருந்துதான் நம் ஜமாஅத் பதிவேடுகளில் இடம்பெறும் 'குலா' என்ற சொல்லும் வருகிறது. ஆட்சியாளரைப் பதவியிலிருந்து இறக்குவதற்கும் அரபியில் 'கல்உ' என்றே பெயர். அணிவிப்பதும் அகற்றுவதும் ஒரே சொல்லில் அடங்கியிருப்பதை ஆற்காட்டு வரலாற்றைப் படிக்கும்போது நாம் அடிக்கடி நினைத்துக்கொள்கிறோம்.

'நவாப்' என்பதும் இத்தகையதே. 'நாயிப்' என்றால் பதிலாள். நாயிப் இமாம் என்கிறோம் அல்லவா! அதன் பன்மையே 'நுவ்வாப்'. அது பாரசீக, உருது வழக்கில் மரியாதைப் பெயராகி நவாப் ஆயிற்று. ஆகவே நவாப் எவரும் தாமே அரசர் அல்லர். ஆற்காட்டு நவாப் தக்காண ஸுபேதாரான நிஜாமின் பதிலாள். நிஜாம் தில்லிப் பாதுஷாவின் பதிலாள். ஹிஜ்ரி பன்னிரண்டாம் நூற்றாண்டின் நடுவில் தில்லி தளர்ந்தது. அனுப்பியவர் தளர்ந்தபின் பதிலாள்கள் பெருகினர். நிஜாமுல் முல்க் ஆஸஃப் ஜாஹ் 1743இல் ஆற்காட்டுக்கு வந்து தர்பார் நடத்தியபோது, சிறு கோட்டைக்காரர்கள் முதற்கொண்டு ஒவ்வொருவரும் நவாப் என்ற பட்டத்தோடு அறிவிக்கப்பட்டு உள்ளே வந்தனராம். இந்நாட்டில் ஒரு நவாப்தான் இருப்பதாக எண்ணியிருந்தேன், இன்று ஒரே நாளில் பதினெட்டுப் பேரைக் கண்டுவிட்டேன், இனி இப்பெயரைச் சொல்லிக்கொண்டு வருபவனைச் சாட்டையால் அடியுங்கள் என்ற கருத்தில் அவர் கட்டளையிட்டதாக ஓர்ம் குறிப்பிடுகிறார்.

பட்டில் சுற்றிய செங்கல்

ஆற்காட்டில் வேரூன்றியிருந்தவர்கள் நவாயத் குலத்தைச் சேர்ந்த ஸஆதத்துல்லாஹ் கானின் குடும்பத்தார். அவருக்குப்பின் 1732இல் அவருடைய சகோதரர் மகன் தோஸ்த் அலீ கான் நவாபானார். தோஸ்த் அலீயின் மகன் ஸஃப்தர் அலீ. மருமகன் ஹுஸைன் தோஸ்த் கான். இவரையே வரலாறு சந்தா சாஹிப் என்று அழைக்கிறது. வீரமும் தாராளமும் நிறைந்தவர் என்பதில் எவருக்கும் கருத்து வேறுபாடு இல்லை.

திருச்சிராப்பள்ளியில் விஜயரங்க சொக்கநாத நாயக்கர் 1732இல் மரணித்தபின் அவருடைய மனைவி ராணி மீனாட்சி ஆண்டுவந்தார். உறவினர் வங்காரு திருமலை உரிமை கோரினார். இருவருக்கும் இடையே புகுந்த சந்தா சாஹிப், ராணிக்குத் தீங்கு செய்வதில்லை என்று குர்ஆன் மீது சத்தியம் செய்து கோட்டைக்குள் நுழைந்தார். பின்னர் 1736ஐ ஒட்டி அவரைச் சிறைப்படுத்திக் கோட்டையைக் கைப்பற்றினார். ராணி நஞ்சுண்டு உயிர் துறந்தார் என்பர். சந்தா சாஹிப் கைவைத்துச் சத்தியம் செய்தது குர்ஆனே அல்ல, பட்டுத்துணியில் சுற்றப்பட்ட ஒரு செங்கல் என்ற செய்தியும் வழிவழியாகச் சொல்லப்பட்டு வருகிறது.

இச்செய்தி உண்மையா, பின்னர் கட்டப்பட்ட கதையா என்று தீர்ப்பளிக்க இன்று வழியில்லை. ஆனால் இதில் ஒரு நுட்பம் உண்டு. இக்கதையை முதலில் சொன்னவர் சந்தா சாஹிபின் பகைவராக இருந்தால், அவர் உண்மையான முஸ்ஹஃப் மீதே பொய்ச்சத்தியம் செய்தார் என்று சொல்வதே அதிக இழிவு. செங்கல் என்று சொல்வது ஒருவகையில் தற்காப்பு. முஸ்ஹஃபின் மீது பொய்யுரைக்க அஞ்சினார், மனிதரை ஏமாற்ற அஞ்சவில்லை என்றாகிறது. சத்தியத்தை ஏமாற்றுவதற்குக் கருவியாக ஆக்குவதை அந்நஹ்ல் அத்தியாயம் கண்டித்திருக்க, சத்தியம் செய்யும் பொருளை மட்டும் மாற்றிவிட்டால் தப்பலாம் என்று எண்ணுவது என்ன மார்க்க அறிவு! எதிரே இருந்த ராணி வேற்று மதத்தவர். நம் வேதத்தின் மீதுள்ள நமது மதிப்பை நம்பித்தான் அவர் கதவைத் திறந்தார். அது நமக்கு அதிக வெட்கத்தைத் தருகிறது.

வழுதாவூர் வாசல்

1740 மே மாதம் மராட்டியத் தளபதி ரகோஜி போன்ஸ்லே தாமல்செருவுக் கணவாயில் தோஸ்த் அலீயைத் தாக்கினார். நவாப் களத்தில் வீழ்ந்தார். அவருடைய விதவை, குடும்பப் பெண்களுடனும் செல்வத்துடனும் புதுச்சேரியை நோக்கி ஓடிவந்தார். அப்போதைய கவர்னர் துய்மா தம் ஆலோசனைச் சபையைக் கூட்டினார். உள்ளே விட்டால் மராட்டியர் பகை. விடாவிட்டால் ஆற்காட்டின் பகை. துய்மா ஏற்கெனவே தோஸ்த் அலீயின் தயவினால் 1736இல் ரூபாய் அச்சிடும் உரிமையைப் பெற்றிருந்தார். புதுவை அக்கசாலையில் தில்லிப் பாதுஷா முஹம்மத் ஷாஹின் பெயரைப் பாரசீகத்தில் தாங்கி, பிறை அடையாளத்துடன் நாணயங்கள் வெளிவந்துகொண்டிருந்தன. நன்றிக்கும் ஆதாயத்திற்கும் இம்முறை ஒரே வழி. கவர்னர் படைவீரர்களுடன் வழுதாவூர் வாசலுக்கே சென்று, திரையிட்ட பல்லக்குகளைக் குண்டு முழக்கத்துடன் வரவேற்றார். வழுதாவூர் வாசல் என்பது நம் சாலை நகரத்துக் கோட்டையைத் தொட்ட இடம். சந்தா சாஹிபின் மனைவியும் மகனும் அவ்வாறே அடைக்கலம் பெற்றனர்.

ரகோஜி அவர்களையும் செல்வத்தையும் ஒப்படைக்கச் சொன்னபோது துய்மா மறுத்தார். மறுத்ததோடு, வந்த தூதருக்குக் கோட்டையின் பீரங்கிகளைச் சுற்றிக்காட்டினார். கூடவே ஐரோப்பிய மதுக்குப்பிகள் சிலவற்றையும் அன்பளிப்பாக அனுப்பினார். அவை ரகோஜியின் அந்தப்புரத்தில் மிகவும் பிடித்துப்போக, மேலும் சில குப்பிகளுக்காகவே சமாதானம் பேசப்பட்டது என்ற கதை உண்டு. மஸ்ஜித் மலரில் மதுவைப் பற்றி எழுத நேர்ந்தமைக்கு ஜமாஅத்தார் பொறுத்தருள்வார்களாக! அரசவை வரலாறு அப்படித்தான் இருக்கிறது.

துய்மாவின் துணிவைத் தில்லியும் நிஜாமும் பாராட்டினர். அவருக்கு நவாப் பட்டமும் 4,500 குதிரைகளின் மன்ஸபும் கிடைத்தன. அவர் சாமர்த்தியமாக அவற்றைத் தமக்குப்பின் வரும் கவர்னர்களுக்கும் உரியதாக்கிக்கொண்டார். வியாபாரக் கம்பெனியின் அதிகாரி ஒருவர் இவ்வாறாக முகலாய வரிசையில் இடம்பெற்றார்.

அடைக்கலம் பெற்ற குடும்பத்தைக் காண ஸஃப்தர் அலீயும் சந்தா சாஹிபும் அவ்வாண்டே புதுச்சேரிக்கு வந்தனர். விருந்து நடந்தது, பரிசுகள் பரிமாறப்பட்டன. ஓர்மின் கூற்றுப்படி, அவ்வேளையில் ஸஃப்தர் அலீ மராட்டியரோடு ஓர் இரகசிய உடன்பாட்டை ஏற்கெனவே செய்துவிட்டிருந்தார். மராட்டியர் திரும்பிவந்து சந்தா சாஹிபைத் திருச்சியிலிருந்து அகற்ற வேண்டும் என்பதே அது. மைத்துனர்கள் இருவரும் ஒரே ஸஹனில் கைவைத்து உண்டிருப்பார்கள்! சந்தா சாஹிபுக்கும் ஏதோ ஐயம் இருந்திருக்கிறது. குடும்பத்தைத் திருச்சிக்கு அழைத்துச் செல்லாமல் புதுவையிலேயே விட்டுச் சென்றார். 1741 மார்ச்சில் திருச்சி வீழ்ந்தது. சந்தா சாஹிப் ஸதாராவுக்குக் கைதியாகக் கொண்டுசெல்லப்பட்டார். ஏழாண்டுகள் அங்கே கழிந்தன.

இவ்வேழாண்டுகளில் அவருடைய மனைவி புதுவையில் தங்கியிருந்தார். துய்மாவை அடுத்து 1742இல் கவர்னராக வந்த துய்ப்ளேயின் மனைவி ழான், இப்பெண்மணிக்கு நெருக்கமானார். ழான் புதுவையிலேயே பிறந்து வளர்ந்தவர், தமிழ் பேசக்கூடியவர். துரைசானி 'ஜான் பேகம்' என்ற பெயரில் அரசவைகளுக்குக் கடிதம் எழுதினார், தனியாக ஒற்றர்களை வைத்துக்கொண்டார், துபாஷி வேலை யாருக்கு என்பதிலும் தலையிட்டார். ரங்கப்பிள்ளைக்கு அவரைக் கண்டாலே ஆகாது. நாட்குறிப்பில் அம்மையாரைப் பற்றி நல்ல சொல் தேடுவது கடினம். பர்தாவுக்குப் பின்னால் நடந்த பேச்சுகளே சந்தா சாஹிபின் விடுதலைக்கு விதையிட்டன.

ஸலாம் சொல்லும் நேரம்

ஸஃப்தர் அலீ தம் சூழ்ச்சியின் பலனை நெடுநாள் அனுபவிக்கவில்லை. 1742 அக்டோபரில் வேலூர்க் கோட்டையில் தம் சகோதரியின் கணவர் முர்தஸா அலீயின் வீட்டில் தங்கியிருந்தார். முதலில் உணவில் நஞ்சு வைக்கப்பட்டது. உடல் வலிமையால் பிழைத்தார். பணியாளர்கள் திருநாளுக்காக விடுப்பில் சென்றிருந்த இரவில் கத்தி பாய்ந்தது. முர்தஸா அலீ தம்மை நவாபாக அறிவித்துக்கொண்டு ஆற்காட்டுக்கு வந்தார். படைகள் எதிர்த்து எழுந்ததும் பெண்களின் மூடுபல்லக்கில் ஏறி இரவோடிரவாக வேலூருக்குத் தப்பிச் சென்றார்.

கொல்லப்பட்டவரின் சிறுவயது மகன் ஸையித் முஹம்மதை நிஜாம் நவாபாக ஏற்று, அவர் வளரும்வரை ஆட்சியைப் பார்க்க காஜா அப்துல்லாஹ்வை நியமித்தார். புறப்படவேண்டிய நாளில் காஜா படுக்கையில் பிணமாகக் கிடந்தார். அவரிடத்துக்குக் கோபாமவ்வைச் சேர்ந்த அன்வருத்தீன் கான் அனுப்பப்பட்டார். 1744இல் ஆற்காட்டில் ஒரு திருமணம். நவாபாகிய சிறுவர் மண்டபத்தில் வீற்றிருந்தார். தம் தந்தையைக் கொன்றதாகக் கருதப்பட்ட முர்தஸா அலீயும் விருந்தினராக அங்கே இருந்தார். உறவு என்பதால் அழைத்தே ஆகவேண்டும், அதுதான் சபை நாகரிகம்! அன்வருத்தீன் வருவதாக அறிவிக்கப்பட்டதும் சிறுவர் எழுந்து படிக்கட்டுவரை சென்று எதிர்கொண்டார். பெரியவருக்கு ஸலாம் சொல்ல நின்ற அத்தருணத்தில், சம்பளப் பாக்கிக்காக முன்னர் தகராறு செய்திருந்த பட்டாணியன் ஒருவன் மன்னிப்புக் கேட்பவன் போல் நெருங்கி, குத்திக் கொன்றான். கொலையாளி அவ்விடத்திலேயே வெட்டப்பட்டமையால் யார் ஏவியது என்று கேட்க ஆளில்லை. ஊர் முர்தஸா அலீயைச் சந்தேகித்தது, அன்வருத்தீனையும் சந்தேகித்தது. நிஜாம் அன்வருத்தீனையே நவாபாக்கினார். நவாயத்துகளின் மனத்தில் அந்த முள் தங்கிவிட்டது.

1748இல் நிஜாமுல் முல்க் மரணித்தார். மகன் நாஸிர் ஜங் ஆட்சியைப் பிடித்தார். மகள் வழிப் பேரர் முஸஃப்பர் ஜங் தமக்கே உரிமை என்றார். அதே ஆண்டில் துய்ப்ளேயின் பிணையினால் சந்தா சாஹிப் விடுதலை பெற்று, முஸஃப்பர் ஜங்குடன் சேர்ந்துகொண்டார். 1749 ஆகஸ்ட் 3ஆம் நாள் (ஹிஜ்ரி 1162 ஷஃபான்) ஆம்பூரில் இவர்களும் பிரெஞ்சுப் படையும் அன்வருத்தீனை எதிர்த்தனர். முதுமையிலும் யானை மீதிருந்து போரிட்ட அன்வருத்தீன் மாண்டார். மகன் முஹம்மத் அலி திருச்சிக்குத் தப்பினார். வெற்றியாளர்கள் புதுவைக்கு வந்தனர். நம் ஊரைச் சுற்றியுள்ள வில்லியனூர், பாகூர்ப் பகுதிகள் பிரெஞ்சுக்காரர் கைக்குச் சென்றது அந்த வருகையின் நன்றிக்கடனாகத்தான்.

இப்போது மீண்டும் வழுதாவூருக்கு வருவோம். 1750 ஏப்ரலில் இரு படைகளும் எதிரெதிரே நின்றபோது, சம்பளமும் பங்கும் போதவில்லை என்று பிரெஞ்சு அதிகாரிகள் பலர் வேலையை உதறினர். படை புதுவைக்குப் பின்வாங்கியது. முஸஃப்பர் ஜங் தனித்துவிடப்பட்டார். மாமாவிடம் சரணடைந்தால் சிறையில் வைப்பதில்லை, பாட்டனார் காலத்தில் இருந்த ஜாகீர்களைப் பறிப்பதுமில்லை என்று நாஸிர் ஜங் குர்ஆன் மீது சத்தியம் செய்து கொடுத்ததாக ஓர்ம் எழுதுகிறார். இம்முறை செங்கல் என்று யாரும் சொல்லவில்லை. நம்பி வந்த மருமகன் தர்பாருக்குள் அனுமதிக்கப்படாமலே ஒரு கூடாரத்திற்குக் கொண்டுசெல்லப்பட்டு விலங்கிடப்பட்டார். 

நாஸிர் ஜங் மூடர் அல்லர், கல்வியும் கவித்துவமும் உடையவர். அரபியிலும் பாரசீகத்திலும் பேரறிஞரான குலாம் அலீ ஆஸாத் பில்கிராமி (ரஹ்) அவருடைய தோழராக இப்படையெடுப்பில் உடன்வந்தார். 'மஆஸிருல் உமரா' எழுதிய ஷாஹ் நவாஸ் கான் அவருடைய அமைச்சர். இத்தகையோர் சூழ்ந்திருந்தும் அவர் ஆற்காட்டிலேயே வேட்டையிலும் கேளிக்கையிலும் மாதங்களைக் கழித்தார். செப்டம்பரில் பிரெஞ்சுத் தளபதி புஸ்ஸி செஞ்சிக் கோட்டையை ஒரே இரவில் பிடித்தார். துய்ப்ளேயோ ஆறேழு மாதங்களாக நாஸிர் ஜங்கின் பாசறைக்குள்ளேயே கடிதப் போக்குவரத்து நடத்திக்கொண்டிருந்தார். கடப்பை, கர்நூல், ஸாவனூர் ஆகிய மூன்று இடங்களின் பட்டாணிய நவாபுகள் அவருடன் உடன்பட்டனர்.

1750 டிசம்பர் 16, ஹிஜ்ரி 1164 முஹர்ரம் 17. செஞ்சிக்கு அருகே இருள் பிரியும் முன் பிரெஞ்சுக்காரர் தாக்கினர். நாஸிர் ஜங் யானை மீதேறி, அசையாமல் நின்ற கடப்பை நவாபின் படையை நோக்கி விரைந்தார். மங்கிய வெளிச்சத்தில் தம்மை அவர் அடையாளம் காணவில்லை போலும் என்று எண்ணி, அம்பாரியில் எழுந்து நின்று தாமே முதலில் ஸலாம் சொன்னார். பதிலாகத் துப்பாக்கி வெடித்தது. தலை ஈட்டியில் ஏற்றப்பட்டு, விலங்கிலிருந்த முஸஃப்பர் ஜங்கிடம் கொண்டுசெல்லப்பட்டது. ஒரே காலைப் பொழுதில் கைதி நிஜாமானார். நாஸிர் ஜங்கின் உடல் குல்தாபாத்தில், தந்தையின் அருகே அடக்கப்பட்டது. ஆஸாத் பில்கிராமியும் பிற்காலத்தில் அவ்வூரிலேயே அடங்கினார்.

நவாப் வேடத்தில் துய்ப்ளே

செய்தி புதுவைக்கு எட்டியதும் சந்தா சாஹிப் பரிவாரம் எதுவுமின்றித் தெருவில் ஓடிச்சென்று துய்ப்ளேயைத் தழுவிக்கொண்டாராம். சில நாட்களில் முஸஃப்பர் ஜங் வந்தார். அலங்கரிக்கப்பட்ட கூடாரத்தில் தர்பார் கூடியது. புதிய நிஜாம் அளித்த முகலாயப் பிரபுவின் ஆடையை அணிந்து, தலைப்பாகையும் இடைக்கச்சையும் வாளுமாகத் துய்ப்ளே நுழைந்து, முறைப்படி நஜ்ர் அளித்தார். அவருக்கு 'ஸஃபர் ஜங்' பட்டமும், 7,000 குதிரைகளின் மன்ஸபும், மீன் சின்னம் தாங்கிய 'மாஹீ மராத்திப்' விருதும், கிருஷ்ணை நதிக்குத் தெற்கேயுள்ள நாட்டின் அதிகாரமும் வழங்கப்பட்டன. ரங்கப்பிள்ளைக்கும் மன்ஸபும் பட்டமும் கிடைத்தன. நாஸிர் ஜங் வீழ்ந்த இடத்தில் 'துய்ப்ளே ஃபதஹாபாத்' என்ற பெயரில் நினைவுத் தூணும் ஊரும் எழுப்பவும் ஏற்பாடாயிற்று. பின்னர் கிளைவ் அதைத் தகர்த்தார்.

மதரஸாவில் நாம் பயின்ற காலத்தில், தோற்றவர் வென்றவரின் உடையையும் நடையையும் பின்பற்றுவர் என்று இப்னு கல்தூன் (ரஹ்) முகத்திமாவில் கூறுவதை உஸ்தாதுமார்கள் விளக்குவார்கள். புதுவைத் தர்பாரில் நடந்தது தலைகீழ். வெல்லப்போகிறவர் தோற்கப்போகிறவரின் ஆடையை அணிந்து குனிந்தார். ஆட்சியின் அடையாளங்களாக இப்னு கல்தூன் எண்ணும் நாணயம், கொடி, முரசு, சின்னம் பொறித்த ஆடை ஆகியவற்றில் நாணயம் துய்மா காலத்திலேயே கைமாறிவிட்டது. மற்றவை அன்று மாறின. அவற்றை எவரும் பறிக்கவில்லை. தர்பார் நடத்தித் தாமே எடுத்துக் கொடுத்தார்கள். உறவினரை நம்ப முடியாத அரசர்களுக்குக் கூலிக்கு வந்த அந்நியரே நம்பிக்கைக்குரியவராய்த் தோன்றியதுதான் இதற்குக் காரணம் என்பது நமது கருத்து. மாமாவின் சத்தியத்தால் விலங்கு பூண்டவர் கவர்னரின் வாக்கால் விடுதலை பெற்றார். அவர் வேறு யாருக்கு அங்கி அணிவிப்பார்?

பட்டாணிய நவாபுகள் தாம் செய்த துரோகத்தின் கூலி போதாது என்று உள்ளுக்குள் குமுறினர். 1751 பிப்ரவரியில் ஹைதராபாத் செல்லும் வழியில், ராயசோட்டிக் கணவாய்ப் பகுதியில் வழிமறித்தனர். கர்நூல் நவாபும் ஸாவனூர் நவாபும் மாண்டனர். முஸஃப்பர் ஜங்கின் தலையில் ஈட்டி பாய்ந்தது. அவருடைய அரசாட்சி இரண்டு மாதங்கள். உடனிருந்த புஸ்ஸி அன்றே நாஸிர் ஜங்கின் தம்பி ஸலாபத் ஜங்கைக் காவலிலிருந்து வெளியே கொணர்ந்து நிஜாமாக்கினார். இப்போது யார் யாருக்குப் பதிலாள் என்பது யாருக்கும் விளங்கவில்லை.

சந்தா சாஹிப் திருச்சியில் முஹம்மத் அலியை முற்றுகையிட்டார். ஆங்கிலேயர் உதவியால் முற்றுகை முறிந்து, 1752 ஜூனில் அவர் ஸ்ரீரங்கத்தில் சிக்கிக்கொண்டார். தஞ்சைத் தளபதி மானோஜி தம் வாளின் மீதும் கட்டாரியின் மீதும் ஆணையிட்டு, பாதுகாப்பாக வெளியேற்றுவதாக வாக்களித்தார். இரவில் அவரை நம்பிச் சென்ற சந்தா சாஹிபுக்கு விலங்கு காத்திருந்தது. நாலாபக்கமும் அவரைத் தமக்கே தரவேண்டும் என்று போட்டி எழவே, மானோஜி தலையை வெட்டச் செய்தார். அது முஹம்மத் அலியிடம் அனுப்பப்பட்டது. ராணி மீனாட்சிக்கு அளித்த சத்தியத்திலிருந்து ஏறத்தாழ 16 ஆண்டுகள், இடமோ திருச்சிக் கோட்டையிலிருந்து காவிரியைக் கடக்கும் தூரம்.

துய்ப்ளே 1754இல் திரும்ப அழைக்கப்பட்டார். கம்பெனியோடு பணத்துக்காக வழக்காடி, 1763இல் பாரிஸில் வறுமையில் இறந்தார். அதற்கு முன்பே, 1761 ஜனவரி 16இல் ஆங்கிலேயர் புதுவையைப் பிடித்துக் கோட்டையையும் கவர்னர் மாளிகையையும் இடித்துவிட்டனர். வழுதாவூர் வாசலும் போயிற்று, சாலையின் பெயர் மட்டும் நின்றது. நாட்குறிப்பு எழுதிய பிள்ளை நகர் வீழ்வதற்குச் சில நாட்களுக்கு முன்பே கண்மூடிவிட்டார்.

முஹம்மத் அலி வாலாஜா நெடுங்காலம் நவாபாக இருந்தார். திருவல்லிக்கேணியில் அவர் குடும்பத்தார் எழுப்பிய பெரிய மஸ்ஜித் இன்றும் தொழுகையாளர்களால் நிறைகிறது. ஆனால் ஆங்கிலேயரிடம் பட்ட கடன் ஆண்டுதோறும் வளர்ந்து, அவர் மறைந்த ஆறாம் ஆண்டில், 1801இல், நாடே கம்பெனியிடம் சென்றது. அவர் 1795 அக்டோபரில் சென்னையில் மரணித்தபின், உடல் திருச்சிக்குக் கொண்டுசெல்லப்பட்டு நத்ஹர் வலி (ரஹ்) அவர்களின் தர்கா வளாகத்தில் அடக்கப்பட்டது. சந்தா சாஹிபின் கப்ரும் அதே வளாகத்தில்தான் இருக்கிறது. திருச்சி செல்லும் ஜமாஅத்தார்கள் இரண்டையும் அங்கே காணலாம்.